அவள் பங்குக்கு ஒரு டேக்

சிறைச்சாலையில் பார்வையாளர் கூடம் என்று ஒன்று உண்டு. கூடம் என்றதும் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். நீளமான ஓர் அறை. அறையின் நடுவே இரண்டு கம்பிவலைகள். வலைக்கும் வலைக்கும் இடையில் ஓர் ஆள் படுக்கிற அகலத்துக்கு வெறும் தரை. அதில் யாரும் படுப்பதில்லை, ஒரு காவலர் மேலும் கீழும் நடப்பார். இந்தப் பக்கம் வந்தவர்கள் வலையில் முகத்தை ஒட்டிக்கொண்டு கத்துவார்கள். அந்தப் பக்கம் உள்ளே இருப்பவர்கள் கத்துவார்கள். அத்தனை வாயும் ஒரே நேரத்தில் கத்தினால் யார் சொன்னது யார் காதில் விழும்? பக்கத்து ஆளுக்குப் பேரன் பிறந்த சேதி நம் பிள்ளை காதில் விழும், நம் வீட்டு இழவு அந்த ஆள் பிள்ளை காதில் விழும். இரண்டு பேரும் தலையாட்டிவிட்டுப் போவார்கள்.

மூட்டைக்காரர் அந்தக் கூடத்துக்கு இரண்டு வருஷத்துக்கு மேலாக வந்துகொண்டிருந்தார். கிடங்கில் சிமென்ட் மூட்டை இறக்குகிற வேலை. தொண்டையெல்லாம் தூசு. கத்த வாயைத் திறந்தால் இருமல்தான் முந்திக்கொண்டு வரும். அதனால் அவர் கத்துவதில்லை. மகனின் உதட்டைப் பார்ப்பார். “அம்மா எப்படி இருக்கு?” என்று உதடு கேட்கும். கட்டைவிரலைத் தூக்கிக் காட்டுவார்.

உண்மையில் அம்மா நன்றாக இல்லை. செங்கல் சுமந்துகொண்டிருந்தபோது சாரத்திலிருந்து விழுந்து இடுப்பு போய்விட்டது. மகனைப் பிடித்துக்கொண்டு போன நாளிலிருந்து அவள் அவனைப் பார்க்கவே இல்லை. ஆனால் அத்தனை விஷயத்தையும் ஒரு கட்டைவிரலில் சொல்ல முடியாது.

மகன் ஒரு கேபிள் கிடங்கில் காவலுக்கு இருந்தான். கிடங்கில் செம்புக் கம்பி காணாமல் போனது. காணாமல் போன கம்பி கிடைக்கவில்லை. இவன் கிடைத்தான். வழக்கு நடந்தது என்று சொல்ல முடியாது. ஒரு வாய்தாவில் நீதிபதி மாற்றலாகிப் போயிருந்தார், இன்னொன்றில் சாட்சி வரவில்லை, மற்றொன்றில் மகனைக் கோர்ட்டுக்குக் கூட்டிப்போக வண்டி இல்லை. குற்றம் நிரூபணமாகியிருந்தால் என்ன தண்டனையோ அதைவிடக் கூடுதலாகவே பையன் உள்ளே இருந்துவிட்டான் என்று வக்கீல் வருத்தப்பட்டார். வருத்தப்பட்டு முடித்ததும் அடுத்த வாய்தா தேதியைச் சொன்னார்.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது ஒரு வாரம் மூட்டைக்காரர் கூடத்துக்குள் நுழைந்தார். வலையைக் காணோம்.

திருடர்களை வைத்திருக்கிற இடத்திலேயே திருட்டு போய்விட்டதா என்று அவருக்குத் திகைப்பு. காவலரைக் கேட்டார். படம் எடுக்கிறார்கள், வலை இருந்தால் முகம் கட்டம் கட்டமாகத் தெரிகிறதாம், அதனால் கழற்றி வைத்திருக்கிறோம் என்றார் காவலர்.

சிறைத்துறை தன்னைப் பற்றித் தானே எடுத்துக்கொள்ளும் ஆவணப்படம். பெயர் ‘வலையில்லா வாசல்’. சிறைவாசிகளைக் குடும்பத்தார் நெஞ்சோடு அணைத்துக்கொள்ளும் நவீனச் சந்திப்பு முறையை உலகத்துக்குக் காட்டப் போகிறார்கள். அப்படி ஒரு முறை அங்கே இல்லை என்பது படத்துக்கு ஒரு தடையாகத் தெரியவில்லை. இயக்குநர் வெளியிலிருந்து வந்தவர், உண்மையை உரித்து வைப்பதில் பேர் பெற்றவர். வாய்க்கு வாய் யதார்த்தம் என்பார். காவலர்கள் அவருக்கு அதையே பெயராக வைத்துவிட்டார்கள். “யதார்த்தம் டீ குடிச்சாச்சா?” என்று ஒருவரை ஒருவர் கேட்டுக்கொண்டார்கள்.

யதார்த்தம் அன்று வந்திருந்த குடும்பங்களை வரிசையாக நிறுத்தி விரல்களைச் சட்டம் போல் மடக்கி ஒவ்வொரு முகமாகப் பார்த்தார். ஒருவருடைய சட்டை நன்றாக இருந்ததால் ஒதுக்கப்பட்டார். ஒரு பெண் நிஜமாகவே அழுததால் ஒதுக்கப்பட்டாள். நிஜ அழுகை மைக்கில் இரைச்சலாக விழுமாம். மூட்டைக்காரர் முன்னால் வந்ததும் விரல்கள் நின்றன.

“இந்த முகம்தான். வறுமை இருக்கு. ஆனா உறுத்தல.”

பிறகு சிறைக் கண்காணிப்பாளர் வந்து எல்லோருக்கும் ஓர் உரை ஆற்றினார். யாரும் கேட்கவில்லை. கேட்காமலே ஆற்றக்கூடியவர் அவர்.

“இத ஜெயில்னு யாரும் நினைக்கக் கூடாது. இது ஒரு பல்கலைக்கழகம். ஒரு தடவ உள்ள வந்தவங்க வெளிய போக மனசே இல்லாம இருக்காங்க. விசாரணைக் கைதிங்களே பாதிக்கும் மேல. அவங்கள்ல ஒருத்தராவது எங்கிட்ட வந்து எப்ப சார் தீர்ப்புன்னு கேட்டதில்ல. ஆரம்பத்துல கேப்பாங்க. அப்புறம் கேக்கறத விட்டுடுவாங்க. அந்த மனநிறைவுதான் நம்ம சாதனை.”

மூட்டைக்காரர் வீட்டுக்குப் போய் மனைவியிடம் சொன்னார். அவள் பாயில் படுத்தபடியே கேட்டுக்கொண்டிருந்தாள். வலை இல்லை என்பது அவளுக்குப் புரிந்தது. படம் புரியவில்லை. அது தேவையும் படவில்லை.

“அப்ப அவன தொடலாமா?”

“கட்டிப் புடிக்கணுமாம். அதுதான் காட்சியே.”

அவள் தலையை அவர் பக்கம் திருப்பினாள்.

“எனக்கும் ஒரு தடவ புடிச்சிட்டு வாங்க. உங்களோட சேத்து இல்ல. என்னோடது தனியா.”

அதெல்லாம் பங்கு போட முடியுமா, அங்கே அதிகாரிகள் இருப்பார்கள் என்று அவர் முனகினார். “தனியாத்தான்” என்று சொல்லிவிட்டு அவள் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

படப்பிடிப்பு நாளன்று கூடத்துச் சுவருக்கு வெளிர் நீலம் அடித்திருந்தார்கள். ஜன்னல் வழியாக வெயில் சாய்வாக விழுந்தது. அந்த வெயில்தான் நம்பிக்கை என்று யதார்த்தம் ஒளிப்பதிவாளரிடம் சொல்லிக்கொண்டிருந்தார். மகனை நிற்க வைத்தார்கள். அவனுக்கு ஒரே ஒரு வசனம்தான். “அப்பா, நான் திருந்திட்டேன்.”

“எதுல இருந்து சார்?” என்று மகன் கேட்டான். கிண்டலுக்குக் கேட்கவில்லை. வழக்கே இன்னும் ஆரம்பிக்கவில்லையே என்று சந்தேகம்.

யதார்த்தம் யோசித்தார். “பொதுவா” என்றார்.

அப்பனுக்கும் விளக்கம் சொன்னார். “எனக்கு நடிப்பே வேணாம் பெரியவரே. நீங்க நீங்களா இருந்தாப் போதும். அதனால நான் சொல்ற மாதிரி மட்டும் செய்யுங்க. அழக் கூடாது. அழப் போற மாதிரி இருக்கணும்.”

மூட்டைக்காரருக்கு மூட்டை தூக்கத் தெரியும். மகன் இடுப்பளவு இருந்தவரை அவனையும் தூக்கியிருக்கிறார். வளர்ந்த மகனை எப்படிக் கட்டிப்பிடிப்பது என்று யாரும் அவருக்குச் சொல்லித் தந்ததில்லை. அவர்கள் பக்கத்தில் அப்பன்கள் அதைச் செய்து அவர் பார்த்ததும் இல்லை. முன்னால் போனார். பழக்கத்தில் முழங்காலை மடக்கினார். ஒரு கையை அவன் விலாவுக்குக் கீழே கொடுத்து ஒரு தம் பிடித்தார்.

“கட். பெரியவரே, லாரியில இருந்து எறக்கற மாதிரி இருக்கு.”

“முதுகுல போட்டுக்காதீங்கப்பா” என்று மகன் சிரித்தான். அந்தச் சிரிப்பை அவர் இரண்டு வருஷமாகப் பார்த்திருக்கிறார். கேட்டது அன்றுதான்.

இரண்டாம் தடவை சரியாகப் பிடித்தார். பிடித்ததும் கையை எடுத்துவிட்டார், மறுபடி வைத்தார். சட்டைக்கு மேலேயே சுட்டது. விலா எலும்பு ஒவ்வொன்றும் விரலில் தட்டியது. வலைக்கு அந்தப் பக்கம் நின்றவரை இதெல்லாம் எப்படித் தெரியும்?

“டேய், உடம்பு கொதிக்குதே.”

“கொஞ்ச நாளாவே இருக்குப்பா. சாயங்காலம் ஆனா கூடும். அம்மாகிட்ட சொல்லிடாதீங்க.”

“கட். இந்த வசனம் நம்மகிட்ட இல்லையே.”

மூன்றாம் தடவை நெருங்கும்போதுதான் மூட்டைக்காரருக்கு மனைவி சொன்னது நினைவுக்கு வந்தது. இதுவரை பிடித்தது தன் கணக்கு. இது அவளோடது. அவள் எப்படிப் பிடிப்பாள் என்று யோசித்து, மகனின் பின்தலையில் கை வைத்தார். அப்படியே நின்றார். அது நன்றாக வந்துகொண்டிருந்தது. நன்றாக வந்துவிட்டால் அத்தோடு முடிந்துவிடும் என்று அவருக்கு உறைத்தது. தலையைத் திருப்பி நேராகக் கேமராவைப் பார்த்தார்.

“கட். கேமராவப் பாக்கக் கூடாது.”

கேமராவைப் பார்த்தால் இன்னொரு தடவை தருவார்கள். இது நல்ல ஏற்பாடு என்று அவருக்குப் பட்டது. அடுத்த தடவை நாற்காலியை இடித்தார். அதற்கடுத்த தடவை இருமினார், இருமல் மட்டும் சொந்தம். மகன் புரிந்துகொண்டான். அவனும் வசனத்தை மறந்தான். “அப்பா, நான் திரும்பிட்டேன்” என்றான் ஒரு தடவை. யதார்த்தம் தலையில் கை வைத்துக்கொண்டார். வெயில் ஜன்னலை விட்டு இறங்கிப் போய்விட்டது. நம்பிக்கை போய்விட்டதால் காட்சியை இன்னொரு நாளைக்குத் தள்ளிவைத்தார்கள்.

திருட்டு வழக்கில் மகன் உள்ளே இருந்தான். அன்று திருடியது என்னவோ அப்பன்தான். மடி கொள்ளாமல் திருடிக்கொண்டு வெளியே வந்தார்.

வந்தவர் நேரே போகாமல் கண்காணிப்பாளர் அறை வாசலில் நின்றார். பையனுக்குக் காய்ச்சல், ஆஸ்பத்திரியில் போட வேண்டும் என்றார். கண்காணிப்பாளர் சந்தோஷமாக எழுந்து, வாருங்கள் காட்டுகிறேன் என்று சிறை மருத்துவமனைக்கே அழைத்துப் போனார்.

கண்ணைப் பறிக்கிற சுத்தம். வரிசையாகக் கட்டில்கள். ஒவ்வொன்றின் மேலும் ஒரு சுருக்கம் இல்லாத வெள்ளை விரிப்பு. ஒரு கட்டிலிலும் ஆள் இல்லை.

“நோயாளிங்க எங்கங்க?”

“பழைய பிளாக்குக்கு மாத்திட்டோம். விரிப்பெல்லாம் வாடகைக்கு எடுத்தது, படுத்தா கசங்கிடும். அதோட அவங்க இருமறாங்க. சத்தம் பதிவாகுதாம்.”

ஒரு கட்டிலின் ஓரத்தில் நின்றுகொண்டு சிறை மருத்துவர் காலி தலையணையைப் பார்த்து “இப்ப எப்படி இருக்கு தம்பி?” என்று சொல்லிப் பழகிக்கொண்டிருந்தார். ஒவ்வொரு தடவையும் வேறு வேறு கனிவோடு சொல்லிப் பார்த்தார். நோயாளியாக நடிக்க ஒரு காவலரின் மச்சானை ஏற்பாடு செய்திருந்தார்கள். ஆள் நல்ல தெம்பாக இருப்பான், பார்க்கிறவர்களுக்கு நம்பிக்கை வரும் என்று விளக்கினார் கண்காணிப்பாளர்.

இந்தக் கட்டில் வேண்டாம், வெளியே பெரிய ஆஸ்பத்திரிக்காவது அனுப்புங்கள் என்றார் மூட்டைக்காரர். அதற்குள் யதார்த்தமும் வந்து சேர்ந்தார். சங்கடப்பட்டார். அவர் கல் நெஞ்சக்காரர் இல்லை. ஆனால் ஒரு தொழில் சிக்கலை விளக்க வேண்டியிருந்தது. கன்டினியூட்டி என்று ஒன்று உண்டு. பையன் வாசலிலிருந்து நடந்து வருவதை ஏற்கெனவே எடுத்தாயிற்று. ஆஸ்பத்திரிக்குப் போனால் ஊசி குத்திக் கையில் பிளாஸ்திரி ஒட்டுவார்கள். நடந்து வரும்போது இல்லாத பிளாஸ்திரி கட்டிப்பிடிக்கும்போது எப்படி வந்தது என்று பார்க்கிறவர்கள் கேட்பார்கள். கேட்டால் படத்தின் உண்மைத்தன்மை போய்விடும்.

“அந்த ஒரு காட்சி முடியட்டும் பெரியவரே. முடிஞ்ச நிமிஷமே அனுப்பச் சொல்றேன்.”

“எப்பங்க முடியும்?”

“நீங்க ஒழுங்கா செஞ்சிருந்தா இன்னைக்கே முடிஞ்சிருக்கும்.”

அவர் கோபமாகச் சொல்லவில்லை. மூட்டைக்காரர் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொள்ளக் கை நீட்டினார். விரிப்பு கசங்கும் என்று கண்காணிப்பாளர் கையைப் பிடித்து நகர்த்தினார்.

மறுநாள் மேகம். அதற்கு மறுநாளும் மேகம். முதல் நாள் விழுந்த அதே சாய்வு வெயில்தான் வேண்டும் என்று யதார்த்தம் காத்திருந்தார். மூட்டைக்காரர் விடிந்ததும் வந்து சிறை வாசலில் உட்கார்ந்துவிடுவார். கிடங்கில் இருக்கும்போதும் வானத்தைப் பார்க்கிறவர்தான், மழை வந்தால் சிமென்ட் கட்டியாகும் என்று பயந்து. இப்போது ஒரு மேகத் துண்டு நகர்ந்தால் எழுந்து நிற்பார். மூடிக்கொண்டால் உட்காருவார். வாசல் காவலர் பார்த்துவிட்டு, “ஏன் பெரியவரே, சினிமா ஆசை இந்த வயசுல வரலாமா?” என்று கேட்டார். கேட்டதற்கு அவர் சிரித்தும் வைத்தார். வீட்டில் மனைவியிடம், உன் பங்கைக் கொடுத்துவிட்டேன் என்று மட்டும் சொல்லியிருந்தார். எப்படி இருந்தான் என்றதற்குக் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினார். பழக்கம்.

வெயில் வந்த நாளன்று மகனை இரண்டு காவலர்கள் தாங்கி அழைத்து வந்தார்கள். முகத்தில் வெளிறல் தெரியாமல் இருக்கப் பவுடர் பூசியிருந்தார்கள். காட்சியில் மாற்றம் ஒன்றும் இல்லை, வசனம் மட்டும் வேண்டாம் என்று யதார்த்தம் சொல்லிவிட்டார். பையனால் குரல் எழுப்ப முடியவில்லை என்பதைப் பார்த்ததும் மௌனம்தான் இன்னும் ஆழமாக இருக்கும் என்று அவருக்குத் தோன்றியிருந்தது.

மூட்டைக்காரர் கேமராவைப் பார்க்கவில்லை. நாற்காலியை இடிக்கவில்லை. வந்த இருமலை விழுங்கிக்கொண்டார். நேராகப் போய் மகனைச் சேர்த்துப் பிடித்தார். மகன் மேலே சாய்ந்தான், முழுக்கச் சாய்ந்தான். கனமே இல்லை. அவர் அவன் காதில் ஏதோ சொன்னார். சொல்லிவிட்டுக் ‘கட்’டுக்காகக் காத்திருந்தார்.

கட் வரவில்லை.

முதல் நாள் அவரே வேண்டுமென்று வரவழைத்த வார்த்தை அது. அன்று வந்து வந்து விழுந்தது. இன்று நிற்கிறார், நிற்கிறார், யாரும் சொல்வதாக இல்லை. யதார்த்தம் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஒளிப்பதிவாளரிடம் ஓட்டு ஓட்டு என்று கையால் சைகை காட்டிக்கொண்டிருந்தார். மகனின் முழங்கால் மடிந்தது. அப்பன் இடுப்பில் கை கொடுத்து நிமிர்த்தினார், கீழே விழுந்தால் இன்னொரு டேக் ஆகிவிடுமே. அதுவும் படத்தில் அழகாக வந்தது. வெயில் ஜன்னலை விட்டு நகர்ந்த பிறகுதான் அந்த வார்த்தை வந்தது. எல்லோரும் கை தட்டினார்கள்.

“இதுதான்யா யதார்த்தம்” என்றார் இயக்குநர்.

சொன்ன சொல் மாறாமல் அந்த நிமிஷமே மகனை ஆஸ்பத்திரிக்கு அனுப்ப உத்தரவு போட்டார்கள். வெளியே கொண்டுபோக வழிக்காவல் வேண்டும். வழிக்காவலர்கள் மைதானத்தில் கைதிகளோடு கைப்பந்து விளையாடும் காட்சியில் இருந்தார்கள். வண்டிக்கு அந்தக் காலையில்தான் படத்துக்காகப் பெயின்ட் அடித்திருந்தது, காயவில்லை. மறுநாள் போனார்கள். பாதி வழியிலேயே அனுப்பியதற்கு அர்த்தம் இல்லாமல் போயிற்று.

வாசலில் உட்கார்ந்திருந்த மூட்டைக்காரரிடம் வாசல் காவலர்தான் வந்து சொன்னார். அன்று அவர் கிண்டல் ஏதும் செய்யவில்லை. பக்கத்தில் உட்கார்ந்துகொண்டார். உள்ளே கூடத்தில் வலையை மறுபடி மாட்டுகிற சுத்தியல் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.

பையனுக்குச் சிகிச்சை தரவில்லை என்று கிடங்கு ஆட்கள் சேர்ந்து ஒரு மனு கொடுத்தார்கள். விசாரணை நடந்தது. விசாரித்த அதிகாரி நேர்மையானவர், ஆதாரம் இல்லாமல் பேச மாட்டார். ஆதாரமாகப் படத்தைப் போட்டுப் பார்த்தார். பையன் நன்றாக இருக்கிறான், தகப்பனாரும் திருப்தியாக இருக்கிறார், சந்திப்புக் கூடத்தில் வலையும் இல்லை. மனு முடித்து வைக்கப்பட்டது.

படம் ஓர் அரங்கத்தில் வெளியானது. மூட்டைக்காரர் போகிறதாக இல்லை. மனைவிதான் நான் பார்க்க வேண்டும் என்றாள். அவளிடம் மகனின் புகைப்படம் ஒன்றுதான் இருந்தது, அதுவும் பள்ளிக்கூடத்து வயதில் எடுத்தது. கிடங்கு ஆட்கள் தள்ளுவண்டியில் போர்வையை விரித்து அவளைப் படுக்க வைத்துக் கொண்டுவந்தார்கள். அரங்கத்து வாசலில் அழைப்பிதழ் கேட்டார்கள். நடித்தவருடைய சம்சாரம் என்றதும் விட்டார்கள். தூக்கிப்போய் ஓர் இருக்கையில் சாய்த்து உட்கார வைத்தார்கள்.

கூடம் வந்தது. நீலச் சுவர் வந்தது. மகன் வந்தான். அவள் இருக்கையின் கைப்பிடியை ஊன்றி எழ முயன்றாள். முடியவில்லை. திரையில் அப்பன் மகனைப் பிடித்தார். வயலின் ஒலித்தது. அப்பன் உதடு அசைந்தது, சத்தம் இல்லை. அடியில் எழுத்து ஓடியது. அவளுக்குப் படிக்கத் தெரியாது. பக்கத்தில் இருந்த பெண்ணைக் கேட்டாள். அந்தப் பெண் மெதுவாகப் படித்துச் சொன்னாள்: “நான் உன்னை மன்னித்துவிட்டேன், மகனே.”

“மன்னிக்கற அளவுக்கு அவன் என்னம்மா பண்ணான்?”

“தெரியலைங்க. ஆனா ரொம்ப அழகா இருக்கு” என்று அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

படம் முடிந்ததும் கண்காணிப்பாளர் மேடையேறினார்.

“இந்தத் தம்பி இன்னைக்கு நம்ம கூட இல்ல. ஒரு வகையில பாத்தா விடுதலையாயிட்டார். தீர்ப்புக்குக் கூடக் காத்திருக்கல. இன்னொன்னையும் பெருமையாச் சொல்லணும். சிறை வளாகத்துக்குள்ள இந்த வருஷம் ஒரு சாவு இல்ல. தம்பி கூட சாலையிலதான். அந்தச் சாலை நம்ம எல்லையில வராது.”

அடுத்ததாக மூட்டைக்காரரை மேடைக்கு அழைத்துக் கையில் ஒரு கேடயத்தைக் கொடுத்தார்கள். இரண்டு வார்த்தை பேசச் சொல்லி மைக்கை நீட்டினார்கள். அவர் அதுவரை மைக்கைப் பிடித்ததில்லை. இருமல் வந்தது. இந்தத் தடவை விழுங்கவில்லை, இருமி முடித்துவிட்டுப் பேசினார்.

“படத்துல எழுதியிருக்கறத நான் சொல்லல. ‘கால ஊன்றுடா, இன்னும் கொஞ்சம்தான், இத ஒழுங்கா செஞ்சுட்டா ஆஸ்பத்திரிக்கு அனுப்பறேன்னு சொல்லியிருக்காங்க’ன்னு சொன்னேன்.”

முன்வரிசையில் யதார்த்தம் எழுந்து கை தட்டினார். எல்லோரும் எழுந்து தட்டினார்கள். நெடுநேரம் தட்டினார்கள். பெரியவர் உணர்ச்சிவசப்பட்டுவிட்டார் என்று சொல்லி மைக்கை வாங்கிக்கொண்டார்கள். அடுத்து பெண்கள் சிறையைப் பற்றி இரண்டாம் பாகம் எடுப்பதாக அறிவித்தார்கள்.

வெளியே கிடங்கு ஆட்கள் தள்ளுவண்டியோடு காத்திருந்தார்கள். வாசல் படியில் உட்கார வைத்திருந்த மனைவியின் பக்கத்தில் மூட்டைக்காரர் வந்து நின்றார்.

“அதுல என் பங்கு எது?” என்று அவள் கேட்டாள்.

அவள் பங்கு அவர் கேமராவைப் பார்த்துக் கெடுத்த டேக்கில் இருந்தது. அதை எடுத்த அன்றைக்கே தூக்கிப் போட்டிருப்பார்கள்.

“அதுதான். கடைசியா வந்ததே, அது உன்னோடது.”

அவள் தலையாட்டினாள்.

“நெனச்சேன். நீங்கன்னா அவ்வளவு நேரம் புடிச்சிட்டு நிக்க மாட்டீங்க.”

அவர் கேடயத்தைப் படியிலேயே வைத்தார். கிடங்கு ஆள் ஒருத்தன் கால் பக்கம் பிடிக்க வந்தான். வேண்டாம் என்று தலையசைத்துவிட்டு அவர் குனிந்தார். ஒரு கையை அவள் முதுகுக்குக் கொடுத்தார், இன்னொரு கையைப் பின்தலையில் வைத்தார். லாரியிலிருந்து இறக்குகிற மாதிரி இல்லை.